சலவைக்கல் மாளிகைத் தலைவி

வட அமெரிக்காவின் கீழ்க்கடற்கரையில் ரோட் ஐலண்டு என்னும் மிகச் சிறிய மாகாணம் ஒன்று உளது. அதன் தென்பால், அக்விட்னெக் தீவின் முனையில் மூன்று பக்கமும் கடல் சூழ அமைந்த பட்டினம் நியூபோர்ட். 1639-ஆம் ஆண்டில் ஆங்கிலக் குடியேறிகள் இதனை நிறுவினர். அடுத்த நூற்றாண்டில் இத்துறைமுகத்தினின்று ரம் என்னும் சாராயம் ஏற்றிய கப்பல்கள் ஆப்பிரிக்காவிற்குச் சென்றன. திரும்புகாலில் அவை சுமந்து சென்றது அடிமைகளாக்கப்பட்ட மக்களை. அமெரிக்க விடுதலைப் போரின்போது ஆங்கிலப் படையினர் ஊரைக் கைப்பற்றியிருந்தமையால் வாணிகம் சிதைந்தது. மீண்டும் பழைய நிலைக்கு வரவில்லை. ஆயினும் ஊரின் குளிர்ந்த கடற்காற்று எங்கும் போய்விடவில்லை. தென் மாகாணங்களின் வெப்பத்திற்கும் காய்ச்சலுக்கும் அஞ்சிய தோட்ட முதலாளிகளும் பருத்தி வணிகரும் கோடை தோறும் குடும்பத்துடன் இங்கு வந்து தங்கலாயினர். அவ்வாறு வந்த குடும்பங்களுள் ஒன்றிற் பிறந்த சிறுமியே, பிற்காலத்தில் அவ்வூரின் கோடை வாழ்வை ஆட்டிவைத்த ஆல்வா அம்மையார்.

ஆல்வா எர்ஸ்கின் ஸ்மித் 1853-ஆம் ஆண்டு ஜனவரி 17-ஆம் நாள் அலபாமா மாகாணத்து மொபீல் நகரிற் பிறந்தார். தந்தையார் மரே ஃபோர்ப்ஸ் ஸ்மித் பருத்தி வணிகர். தாயார் பீபி ஆன் டெஷா, அமெரிக்கச் சட்டசபையில் உறுப்பினராயிருந்த ஒருவரின் மகள். உள்நாட்டுப் போர் மூளுமுன் குடும்பம் நியூயார்க்கிற்குக் குடிபெயர்ந்தது. பின்னர்ச் சிலகாலம் பிரான்ஸ் நாட்டில் வாழ்ந்தது. பாரிஸ் நகரை அடுத்த நூயியில் ஆல்வா கல்வி கற்றார். பிரெஞ்சு மொழியும், பிரெஞ்சு அரசர்களின் அரண்மனைகள்மீது தணியாத காதலும் அங்கே அவருக்கு வாய்த்தன. குடும்பம் நியூயார்க் திரும்பிய பின் செல்வம் கரையத் தொடங்கியது. 1871-இல் தாயார் இறந்தார். தந்தையாரின் வாணிகமும் உடல்நலமும் ஒருங்கே தளர்ந்தன. இளமையிற் செல்வத்தைக் கண்டு, பின்னர் அது கைநழுவுவதைக் கண்டவர்க்கு வறுமையச்சம் ஆயுள் முழுதும் நீங்குவதில்லை. ஆல்வாவின் பிற்காலச் செயல்கள் பலவற்றிற்கு இவ்வச்சமே வேர் என்பது என் எண்ணம்.

1875-ஆம் ஆண்டு ஏப்ரல் 20-ஆம் நாள் வில்லியம் கிஸம் வாண்டர்பில்ட் என்பவரை அவர் மணந்தார். படகோட்டியாகத் தொழில் தொடங்கிக் கப்பல்களாலும் இருப்புப்பாதைகளாலும் பெருஞ்செல்வம் குவித்த கார்னீலியஸ் வாண்டர்பில்டின் பேரர் அவர். அம்முதியவர் 1877-இல் இறந்தபோது ஏறத்தாழ 10 கோடி டாலர் விட்டுச் சென்றார். அவர் மகன் எட்டே ஆண்டுகளில் அதனை இரட்டித்துவிட்டு மறைந்தார். இத்துணைப் பொருள் இருந்தும் நியூயார்க்கின் பழங்குடிப் பெருமக்கள் வாண்டர்பில்ட் குடும்பத்தைத் தம் வாயிற்படி ஏறவிட்டாரல்லர். படகோட்டியின் வழிவந்தோர் என்பதே குற்றம். யாரைச் சேர்ப்பது, யாரை விலக்குவது என்று தீர்ப்பளித்தவர் கரோலின் ஆஸ்டர் என்னும் சீமாட்டி. வார்டு மக்காலிஸ்டர் என்பவர் அவருக்கு அமைச்சர்போல் விளங்கினார். உயர்குலத்தார் என எண்ணத்தக்கவர் 400 பேர் மட்டுமே என்ற கணக்கு இவரால் வந்தது.

இப்பெருமக்களின் கோட்டையை ஆல்வா அம்மையார் கட்டடத்தாலும் விருந்தாலும் வென்றார். ரிச்சர்டு மாரிஸ் ஹண்ட் என்னும் சிற்ப வல்லுநரைக் கொண்டு நியூயார்க்கின் ஐந்தாம் நிழற்சாலையில் பிரெஞ்சுக் கோட்டை வடிவில் ஒரு மாளிகை எழுப்பினார். அதிற் புதுமனை விருந்தாக 1883-ஆம் ஆண்டு மார்ச் 26-ஆம் நாள் மாறுவேட நடனம் ஒன்றை நடத்தினார். வந்தோர் 1000 பேருக்கு மேல். ஆல்வா வெனிஸ் நகர்ச் சீமாட்டிபோல் உடுத்திருந்தார். அவர் கணவரின் தமையனார் மனைவியோ, அக்காலத்துப் புதுமையான மின்விளக்கின் வேடம் பூண்டு வந்தார். ஆஸ்டர் சீமாட்டியின் மகள் தோழியருடன் இந்நடனத்திற்காகப் பலநாள் பயிற்சி செய்து வந்தாராம். ஆனால் அழைப்பு வரவில்லை. ஆஸ்டர் சீமாட்டி தம் வீட்டிற்கு ஒருபோதும் வந்ததில்லையாதலின் அவர் மகளை அழைக்க வழியில்லை என்று ஆல்வா தெரிவித்தாராம். உடனே ஆஸ்டர் சீமாட்டியின் வண்டி வாண்டர்பில்ட் வாயிலில் நின்றது, பெயர்ச்சீட்டு ஒன்று உள்ளே சென்றது, அழைப்பும் வெளிவந்தது. இக்கதை எத்துணை மெய்யோ, ஆஸ்டர் சீமாட்டி அவ்விருந்திற்கு வந்தது மெய்.

நியூயார்க்கில் வென்ற இடம் கோடையில் நியூபோர்ட்டிலே உறுதிப்படவேண்டும் என்பது அக்கால விதி. அவ்வூரின் வாழ்க்கையைச் சற்று விரித்துரைத்தல் தகும்.

கோடைப் பருவம் என்பது ஜூலை, ஆகஸ்டு மாதங்களில் ஆறு அல்லது எட்டு வாரமே. அச்சில வாரங்களுக்காகக் கடலோரக் குன்றின்மேல் பெல்வியூ நிழற்சாலையின் இருமருங்கும் மாளிகைகள் எழுந்தன. அவற்றை உரிமையாளர் குடில் என்றே வழங்கினர். 70 அறை கொண்ட அரண்மனையைக் குடில் என்பது பணிவோ செருக்கோ, படிப்பவர் தீர்மானித்துக் கொள்க. ஆடவர் பெரும்பாலும் வாரநாட்களில் நியூயார்க்கில் தம் தொழிலைப் பார்த்து, வார இறுதியில் நீராவிக் கப்பலேறி வருவர். ஆதலின் ஊரின் ஆட்சி முழுதும் பெண்டிர் கையில் இருந்தது. வாக்குரிமையற்ற பெண்கள் நடத்திய தனியரசு அது. அதற்கு அரசியரும் அமைச்சரும் தூதரும் உண்டு, நாடு கடத்தலும் உண்டு.

காலையில் காசினோ என்னும் கழகத்திற்குச் செல்வர். அது சூதாடும் இடமன்று. 1880-இல் செய்தித்தாள் முதலாளி ஜேம்ஸ் கார்டன் பென்னட் என்பவர் கட்டுவித்த பொழுதுபோக்கு மன்றம். 1881 முதல் 1914 வரை அமெரிக்க நாட்டு டென்னிஸ் போட்டிகள் அதன் புல்வெளியில் நடைபெற்றன. நண்பகலில் பெய்லி கடற்கரையில் நீராடல். அக்கரை உறுப்பினருக்கே உரியது. பின்னர் விருந்துண்டு, உடைமாற்றிப் பிற்பகலில் குதிரை வண்டியேறிப் பெல்வியூ சாலையில் உலா வருவர். வண்டியை நிறுத்தி வீடுதோறும் பெயர்ச்சீட்டு வைத்துச் செல்வது அவ்வுலாவின் பயன். சாலையில் ஒருவரை முதன்முறை எதிர்ப்பட்டால் தலைவணங்கவேண்டும், அன்றே இரண்டாம் முறை கண்டால் புன்முறுவல் செய்யவேண்டும், மூன்றாம் முறை கண்டால் காணாததுபோல் போய்விடவேண்டும் என்று ஒரு வழக்கம் இருந்ததாகக் கூறுவர். இரவில் விருந்தும் நடனமும். ஒருநாளிற் பலமுறை உடை மாற்றுதல் கடமை. ஒருமுறை உடுத்ததை அப்பருவத்தில் மீண்டும் உடுத்தல் குறை. இளம்பெண்களுக்கு அது திருமணச் சந்தை. ஐரோப்பியப் பட்டம் உடைய இளைஞர் எவரேனும் வந்திறங்கினால் ஊரே பரபரக்கும்.

இம்மாளிகைகளுக்குப் பின்புறம் குன்றின் விளிம்பை ஒட்டி ஒற்றையடிப்பாதை ஒன்று மூன்றரை மைல் தூரம் செல்கிறது. மீனவர் கடலுக்கு இறங்கிச் செல்லப் பழங்காலந்தொட்டு உரிமை பெற்ற வழி அது. செல்வர்கள் அதனை அடைக்க முயன்றும் முடியவில்லை. சிலர் பாதையைத் தாழ்த்தினர். சிலர் வேலி வளர்த்து மறைத்தனர். ஆயினும் உலகின் பெருஞ்செல்வருடைய புல்வெளிக்கும் கடலுக்கும் இடையே, தூண்டிலைத் தோளிற் சுமந்த எளிய மனிதன் ஒருவன் நாள்தோறும் நடந்துகொண்டேயிருந்தான். நியூபோர்ட் வரலாற்றில் எனக்கு மிகவும் பிடித்த செய்தி இதுவே.

1888-ஆம் ஆண்டில் ஆல்வா அம்மையார் இச்சாலையில், ஆஸ்டர் சீமாட்டியின் வீட்டிற்கு அடுத்தாற்போலவே, தமக்கு மாளிகை எடுக்கத் தொடங்கினார். ஹண்ட் வல்லுநரே மீண்டும் வரைபடம் வகுத்தார். வெர்சேலிலுள்ள சிறிய டிரியனான் அரண்மனை அதற்கு மாதிரி. அயல்நாட்டுத் தொழிலாளரைக் கொணர்ந்து, உயர்ந்த வேலிக்குள் மறைவாக வேலை நடத்தினர். நான்கு ஆண்டுகளில், 5 இலட்சம் கன அடி சலவைக்கல் கொண்டு, 50 அறைகளுடன் அது முடிந்தது. செலவு 1 கோடியே 10 இலட்சம் டாலர். அதில் 70 இலட்சம் கல்லுக்கு மட்டுமே. இத்தாலிய நாட்டுச் சியன்னாவின் மஞ்சள் நிறக் கல் முன்மண்டபத்திற்கும், ஆப்பிரிக்க நாட்டுச் செந்நிறக் கல் உணவு மண்டபத்திற்கும் வந்தன. உணவு மண்டபத்து நாற்காலிகள் வெண்கலத்தால் ஆனவை. விருந்தினர் அமரவும் எழவும் பணியாளர் பின்னின்று நகர்த்தவேண்டும். நடன மண்டபம் முழுதும் பொன்வேலை. வீட்டை நடத்தப் பணியாளர் 36 பேர்.

1892-இல் அதனைக் கணவர் தம் மனைவிக்கு 39-ஆம் பிறந்தநாள் பரிசாக, அவர் பெயரிலேயே அளித்தார். மணமான பெண்கள் தம் பெயரிற் சொத்து வைத்துக்கொள்ளும் உரிமை அமெரிக்க மாகாணங்களிற் சட்டமாகிப் பல ஆண்டு கழிந்திருப்பினும், இத்தகைய மாளிகை மனைவிக்கே உரிமையாதல் அருமை. இதனை ஆல்வா நன்கு சிந்தித்தே செய்துகொண்டார் என்பது பின்னர் விளங்கிற்று.

மூன்று மக்களுள் மூத்தவள் கான்சுவேலோ, 1877-ஆம் ஆண்டு மார்ச் 2-ஆம் நாள் பிறந்தவள். தோழி ஒருத்தியின் பெயரை மகளுக்குத் தாயார் இட்டார். அத்தோழி ஆங்கிலப் பிரபு ஒருவரை மணந்தவள். பெயரிடும்போதே வருங்காலத்தையும் எழுதிவிட்டார் போலும். பெண் நிமிர்ந்து உட்காரவேண்டும் என்பதற்காக முதுகெலும்போடு எஃகுக் கோல் ஒன்றைக் கட்டி வைத்துப் பாடம் படிக்கச் செய்தார். அயல்மொழிகள் கற்பித்தார். உடையையும் தாயே தேர்ந்தார். தன் கருத்தைப் பெண் சொல்ல முயன்றால் நினைக்கும் பொறுப்பு தன்னுடையது என்று அடக்கினார். சலவைக்கல் மாளிகையில் மகளுக்கு ஒதுக்கிய அறையில் ஒவ்வொரு பொருளும் தாயார் வைத்தது. அவள் தனக்கென்று விரும்பிய சிறு பொருளொன்றும் அங்கே இடம்பெறவில்லை. அவ்வறையின் இருண்ட மரவேலைப்பாடு தன் நெஞ்சை அழுத்தியதைக் கான்சுவேலோ முதுமையிற் எழுதிய தன் வரலாற்றிலும் மறவாது குறித்துள்ளார்.

1893-ஆம் ஆண்டு இறுதியில் குடும்பம் வேலியன்ட் என்னும் தம் நீராவிப் படகேறி இந்தியாவிற்கு வந்தது. பம்பாயிலிறங்கி இருப்புப்பாதை வழியே நாட்டைக் கடந்து கல்கத்தா சென்றனர். அங்கே இராஜப்பிரதிநிதியாயிருந்த லான்ஸ்டவுன் பிரபுவின் மாளிகையில் ஆல்வாவும் மகளும் விருந்தினராயினர். அமெரிக்கச் செல்வத்தால் வாங்க முடியாத ஒன்றை ஆல்வா அங்குக் கண்டார். பரம்பரைப் பட்டம், அதனைச் சூழ்ந்த சடங்கு, ஒரு நாட்டையே ஆளும் மிடுக்கு இவையெல்லாம் அவர் உள்ளத்தைக் கவர்ந்தன. லான்ஸ்டவுன் பிரபுவின் மனைவி, இளைஞராகிய மார்ல்பரோ கோமகனின் தாயாருடன் பிறந்தவர். தன் திருமணத்தைப்பற்றிய தாயாரின் முடிவு அந்தக் கல்கத்தா மாளிகையிலே உருவாயிற்று என்று கான்சுவேலோ பிற்காலத்திற் கருதினார். நம் நாட்டு மக்கள் எவரும் அறியாமலே, நம் நாட்டில் நடந்த அரசாட்சியின் பகட்டு எங்கோ பிறந்த ஒரு பெண்ணின் தலைவிதியை எழுதிவிட்டது.

அப்பயணத்திற் கணவன் மனைவியருக்கிடையே இருந்த பிளவு மறைக்க முடியாததாயிற்று. 1895-ஆம் ஆண்டு மார்ச் மாதம் ஆல்வா கணவரின் ஒழுக்கக் கேட்டைக் காட்டி மணவிலக்குப் பெற்றார். அக்காலத்தில் உயர்குடிப் பெண்கள் கணவனின் பிழையைக் கண்டும் காணாதவர்போல் இருப்பதே மரபு. வழக்கறிஞர்களே வேண்டாமென்று தடுத்தனர். ஆல்வா கேட்கவில்லை. 1 கோடி டாலருக்கு மேற்பட்ட பொருளும், முன்னரே தம் பெயரிலிருந்த சலவைக்கல் மாளிகையும் அவருடையவாயின. ஆயினும் ஊரார் முகம் திருப்பினர். நேற்றுவரை விருந்துண்டவர்கள் கோயிலிலும் பேசாது விலகினர். கணவரை எவரும் விலக்கவில்லை என்பதை ஆல்வா என்றும் மறக்கவில்லை.

இழந்த இடத்தை மீட்க மகளே கருவி. கான்சுவேலோவோ விந்திராப் ரதர்ஃபர்டு என்னும் நியூயார்க் இளைஞரிடம் உள்ளம் வைத்திருந்தாள். தன் 18-ஆம் பிறந்தநாளில் தோழருடன் மிதிவண்டி ஏறிச் சென்றபோது, பிறர் பின்தங்கிய ஓரிரு நிமிடத்தில் இருவரும் மணம்புரிய வாக்குறுதி செய்துகொண்டனர். தாயாரின் கண்ணுக்கு அது தப்பவில்லை. உடனே மகளை ஐரோப்பாவிற்கு அழைத்துச் சென்றார். இருதிறத்துக் கடிதங்களும் வழியிலேயே தடுக்கப்பட்டன. இலண்டனில் மார்ல்பரோ கோமகன் அறிமுகமானார்; அவருடைய பிளெனிம் அரண்மனையையும் காட்டினர். கோடைக்கு நியூபோர்ட் திரும்பியபின் மகள் சலவைக்கல் மாளிகையிற் சிறையிருந்தாள் என்றே சொல்லவேண்டும். தனியே வாயிலைக் கடக்கவிடலாகாது என்று காவலனுக்குக் கட்டளை. தன் கணவனைத் தானே தேர்ந்துகொள்வேன் என்று ஒருநாள் மகள் துணிந்து கூறியபோது, அவ்விளைஞரைச் சுட்டுக் கொன்றுவிட்டுத் தான் தூக்குமேடை ஏறுவதாகத் தாயார் முழங்கினார். மறுநாள் தாயார் படுத்த படுக்கையானார். மகளின் பிடிவாதத்தால் தாய்க்கு இதயநோய் கண்டது, இன்னும் எதிர்த்தால் உயிருக்கே இறுதி என்று குடும்பத் தோழியொருவர் வந்து உரைத்தார். பதினெட்டு வயதுப் பெண் என் செய்வாள்? அவள் இணங்கினாள்.

ஆகஸ்டு இறுதியில் கோமகன் வந்தார். மாளிகையில் அவருக்காகப் பெரியதொரு நடன விருந்து நடந்தது. விலகி நின்ற ஊரார் அனைவரும், தாம் முகம் திருப்பியதையெல்லாம் மறந்து, அழைப்புக்காக ஏங்கி நின்றனர். சில நாள் கழித்து, பழைய கோயில்போல் இருண்டிருந்த கோதிக் அறையிற் கோமகன் மணம்பேசினார். நவம்பர் 6-ஆம் நாள் நியூயார்க்கில் திருமணம். மணமகள் அழுது வீங்கிய கண்களைக் கழுவவேண்டியிருந்ததால் கோயிலுக்கு இருபது நிமிடம் பிந்தி வந்தாள். கோமகனுக்குப் பெண்வீட்டார் 25 இலட்சம் டாலர் மதிப்புள்ள இருப்புப்பாதைப் பங்குகள் எழுதிவைத்தனர். மாப்பிள்ளைக்குப் பொருள் எழுதிவைக்கும் வழக்கம் எந்நாட்டிற்குமே உரியதன்று எனப் பெருமை பேசிக்கொள்ள எவருக்கும் இடமில்லை.

இரண்டே மாதத்தில், 1896-ஆம் ஆண்டு ஜனவரி 11-ஆம் நாள், ஆல்வா தம் நண்பர் ஆலிவர் ஹஸர்டு பெர்ரி பெல்மான்ட்டை மணந்தார். இவருக்கும் நியூபோர்ட்டில் ஹண்ட் கட்டிய 60 அறை மாளிகை உண்டு; பெல்கோர்ட் என்பது பெயர். கீழ்த்தளத்திற் குதிரைகள், மேல்தளத்தில் மனிதர். குதிரைகள்மீது அவர் கொண்ட அன்பு அத்தகையது. ஆல்வா அங்குக் குடியேறிக் கையோடு வீட்டையும் மாற்றியமைக்கலானார். 1 கோடி டாலர்ச் சலவைக்கல் மாளிகை பூட்டப்பட்டது. அதன் சலவையறை மட்டும் நன்றாயிருந்தமையால் துணி வெளுக்கப் பயன்பட்டது. இதைவிட நியூபோர்ட்டை விளக்கும் செய்தி வேறொன்று எனக்குத் தெரியவில்லை.

1908-ஆம் ஆண்டு ஜூன் மாதம் பெல்மான்ட் இறந்தார். ஆல்வாவுக்கு வயது 55. இருமுறை மணந்து, ஊரின் உச்சியை எட்டி, இனி வெல்ல எதுவுமில்லாத நிலை. அப்போதுதான் பெண்களின் வாக்குரிமைக் கிளர்ச்சி அவர் கண்ணிற் பட்டது. கணவன் பிழைக்குப் பெண் தண்டனை பெற்றதை அவர் தம் உடம்பில் உணர்ந்தவர். 1909-ஆம் ஆண்டு ஆகஸ்டில் சலவைக்கல் மாளிகையைத் திறந்து, கிளர்ச்சிக்குப் பொருள் திரட்டக் கட்டணம் வைத்தார். தோட்டத்திற் சொற்பொழிவு கேட்க ஒரு டாலர். மாளிகையை உள்ளேயும் காண ஐந்து டாலர். அண்டை வீட்டார் திகைத்தனர். பெயர்ச்சீட்டு இல்லாமல் யாரும் நுழையாத கதவின் வழியே ஆசிரியைகளும் கடைக்காரரும் நுழைந்தனர். அவ்வாண்டே அரசியல் சமத்துவக் கழகம் என்பதனை நிறுவினார்.

அவ்வாண்டின் குளிர்காலத்தில் நியூயார்க்கிற் சட்டை தைக்கும் தொழிற்சாலைகளின் பெண்கள் ஏறத்தாழ 20,000 பேர் வேலைநிறுத்தம் செய்தனர். பெரும்பாலும் வேற்றுநாட்டினின்று வந்த யூத, இத்தாலியப் பெண்கள். காவலர் அவர்களைப் பிடித்து இரவு நீதிமன்றத்தில் நிறுத்தினர். ஆல்வா நள்ளிரவு கடந்தும் அங்கே அமர்ந்திருந்து, தம் வீட்டையே ஈடுகாட்டிப் பெண்களை மீட்டார். அவர்களுக்காகப் பெரிய நாடக அரங்கை வாடகைக்கு எடுத்துக் கூட்டம் நடத்தினார். செல்வச் சீமாட்டியின் இப்புதுக் கருணையை ஐயுற்றவரும் உண்டு. இவருக்குத் தொழிலாளியைப் பற்றி என்ன தெரியும், இது மற்றொரு மாறுவேட நடனமே என்றனர். அவ்வையம் முற்றும் தவறென்று சொல்வதற்கில்லை. தம் பெயர் செய்தித்தாளில் வருவதை ஆல்வா எப்போதும் விரும்பினார். கழகத்திலும் தம் சொல்லே சட்டம் என்று நடந்தார். ஆயினும் மாறுவேடம் ஒரிரவிற் கலைந்துவிடும். இவரோ இருபத்து நான்கு ஆண்டு, சாகும்வரை, இதனைக் கைவிடவில்லை.

1914-ஆம் ஆண்டு கோடையில் மாளிகையின் பின்னே, கடலை நோக்கிய குன்றின் விளிம்பில், சீனநாட்டுக் கோயில் வடிவில் ஒரு தேநீர் மண்டபம் எழுந்தது. ஹண்ட் வல்லுநரின் மைந்தர் அதனை வகுத்தனர். ஜூலை மாதம் அங்கே பெண்கள் மாநாடு ஒன்று கூடிற்று. தொழிற்சாலைச் சட்டங்களுக்காகப் போராடிய ஃபுளோரன்ஸ் கெல்லி பேசினார். தொப்பி தைத்துப் பிழைத்து, பின்னர்த் தொழிற்சங்கத் தலைவியான ரோஸ் ஷ்னைடர்மனும் பேசினார். விருந்தில் வைத்த தேநீர்க் கோப்பைகளிற் பெண்களுக்கு வாக்கு வேண்டும் என்னும் முழக்கம் பொறித்திருந்தது. மாநாட்டின் சிறப்பு விருந்தினர், இங்கிலாந்தினின்று வந்த மார்ல்பரோ கோமகள். ஆம், அதே கான்சுவேலோ. 1906-இலேயே கணவரைப் பிரிந்து, இலண்டனில் ஏழைப்பெண்களுக்கான பணிகளில் ஈடுபட்டிருந்தவர். பத்தொன்பது ஆண்டுக்கு முன் எந்த வீட்டு வாயிலைத் தனியே கடக்கக்கூடாதென்று காவல் வைத்தார்களோ அதே வீட்டிற்கு, பெண்ணுரிமை பேச, அதே தாயாரின் அழைப்பின்மேல் அவர் வந்தார். அன்று தாயும் மகளும் ஒருவரையொருவர் எப்படி நோக்கினார்களோ!

வாக்குரிமைப் போரின் இறுதிக் கட்டத்தில் ஆல்வா அலிஸ் பால் என்னும் இளம் தலைவியின் பக்கம் நின்றார். 1917-ஆம் ஆண்டு ஜனவரி முதல் வெள்ளை மாளிகை வாயிலில் அப்பெண்கள் மறியல் செய்து சிறை சென்றபோது, இயக்கத்தின் செலவிற்குப் பெரும்பொருள் அளித்தவர் இவரே. 1920-ஆம் ஆண்டு ஆகஸ்டில் அமெரிக்க அரசியல் சட்டத்தின் 19-ஆம் திருத்தம் நிறைவேறியது. அடுத்த ஆண்டு தேசியப் பெண்கள் கட்சியின் தலைவியானார். 1929-இல் கட்சி வாஷிங்டனிற் புதிய தலைமை நிலையம் கொள்ளவும் அவருடைய பொருளே உதவிற்று. அவ்வீடு அவர் பெயரும் அலிஸ் பாலின் பெயரும் இணைத்து 2016-இல் நாட்டு நினைவுச் சின்னமாக அறிவிக்கப்பட்டது.

முதுமையில் மகளுக்கு அருகிலிருக்கப் பிரான்ஸ் நாட்டிற்கே சென்றார். கான்சுவேலோ 1921-இல் மணவிலக்குப் பெற்று, ழாக் பால்ஸான் என்னும் பிரெஞ்சு வீரரை மணந்திருந்தார். பால்ஸான் குடும்பம் கத்தோலிக்கச் சமயத்தினதாதலின், முதல் திருமணம் செல்லாதது எனத் திருச்சபையின் நீதிமன்றம் தீர்ப்பளித்தாலன்றி அவர்கள் மனம் ஒப்பவில்லை. கட்டாயத்தின்பேரில் நடந்த மணம் என்று மெய்ப்பிக்கவேண்டும். அதற்குச் சாட்சி யார்? 1926-இல், 73 வயதான ஆல்வா முன்வந்தார். தம் மகளைத் தாமே வற்புறுத்தி மணம் செய்வித்ததாகவும், அவள்மேல் தமக்கு எப்போதும் முழு அதிகாரம் இருந்ததாகவும், அதனைத் தாம் செலுத்தியதாகவும் மறையாது கூறினார். திருமணம் செல்லாதென்று தீர்ப்பாயிற்று. உலகச் செய்தித்தாள்கள் அனைத்திலும் அது வெளிவந்தது. ஆல்வா தம் வாழ்நாளில் எவரிடத்தும் மன்னிப்புக் கேட்டவரல்லர். இச்சாட்சியத்தில் மன்னிப்பு என்னும் சொல்லும் இல்லை. ஆயினும் அதற்கு மிக அருகில் அவர் வந்த இடம் இதுவே.

நியூபோர்ட்டின் பெருநாட்கள் அதற்குள் கழிந்திருந்தன. 1913-இல் வந்த வருமான வரியும், உலகப்போரும், பணியாளர் கிடையாமையும் குடில்களின் கதவுகளை ஒவ்வொன்றாக அடைத்தன. ஆல்வாவின் இளைய மகன் ஹாரோல்டு மட்டும் அக்கடலை மறவாது, 1930, 1934, 1937 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் நியூபோர்ட் கரையை அடுத்து நடந்த அமெரிக்கக் கோப்பைப் படகுப் போட்டிகளில் வென்றார். சீட்டாட்டப் பிரியர்கள் ஆடும் காண்ட்ராக்ட் பிரிட்ஜ் என்னும் ஆட்டத்தை 1925-இல் வகுத்தவரும் இவரே.

1932-இல் ஆல்வா சலவைக்கல் மாளிகையை விற்றார். கிடைத்த விலை ஏறத்தாழ 1 இலட்சம் டாலர் என்பர். கட்டிய செலவில் நூற்றில் ஒரு பங்கும் இல்லை. அடுத்த ஆண்டு ஜனவரி 26-ஆம் நாள் பாரிஸிற் காலமானார். உடல் நியூயார்க் கொண்டுவரப்பட்டது. கண்ணீருடன் வந்த கான்சுவேலோவின் திருமணத்தை நடத்திவைத்த அதே புனித தோமையார் சபையே தன் கோயிலில் இறுதி வழிபாட்டையும் நடத்திற்று. அவர் விருப்பப்படி பெண்களே பேழையுடன் நடந்தனர்.

மாளிகையை 1963-இல், ஹாரோல்டு வாண்டர்பில்டின் பொருளுதவியால், நியூபோர்ட் பழங்கட்டடப் பாதுகாப்புக் கழகம் வாங்கிப் பொதுமக்கள் பார்வைக்கு வைத்தது. கட்டணம் கொடுத்து உள்ளே செல்பவர்கள் பொன் மண்டபத்தையும், கோமகன் மணம்பேசிய இருண்ட அறையையும், மேல்தளத்திற் கான்சுவேலோவின் அறையையும் காணலாம். பின்புறப் புல்வெளியிற் சீனத் தேநீர் மண்டபம் நிற்கிறது. அதற்கும் கீழே, குன்றின் விளிம்பில், மீனவர்களின் பழைய பாதை கடலோரமாய்ச் செல்கிறது; அதில் நடக்கக் கட்டணம் இல்லை.